சம்கீலாவின் முதல் இசைத்தட்டு

நாமக்கல், சங்ககிரி பக்கம் வடக்கே லாரி ஓட்டிய பழைய டிரைவர்களிடம் பேச்சுக் கொடுத்துப் பாருங்கள். பஞ்சாப் என்றதும் தாபாவின் கயிற்றுக் கட்டில் நினைவுக்கு வரும். பெரிய டம்ளரில் லஸ்ஸி நினைவுக்கு வரும். அதோடு, விடிய விடிய ஓடிய டேப் ரெக்கார்டரும் நினைவுக்கு வரும். ஒற்றைக் கம்பி வாத்தியம் ஒன்று கணகணவென்று தொடங்கும். ஓர் ஆண் ஒரு வரி பாடுவான்; ஒரு பெண் அதை மடக்கிப் பதில் பாடுவாள். மொழி புரியாவிட்டாலும் ஏதோ குறும்பான பேச்சு நடக்கிறது என்பது புரிந்துவிடும். சுற்றி உட்கார்ந்திருப்பவர்கள் சிரிப்பதிலிருந்தே தெரியும்.

அந்த ஆண் குரல் பெரும்பாலும் அமர் சிங் சம்கீலாவுடையது. 2024இல் இம்தியாஸ் அலி இயக்கி, ஏ.ஆர். ரஹ்மான் இசையமைத்த திரைப்படம் வந்த பிறகு, நம் ஊர்க் கல்லூரி மாணவர்கள் பலர் அவர் பெயரைக் கேள்விப்பட்டிருக்கிறார்கள். பஞ்சாபின் எல்விஸ் என்று அவரைச் சொல்வார்கள். அமெரிக்காவில் ராக் அண்டு ரோல் பிறந்த காலத்தில் எல்விஸ் பிரெஸ்லி என்ன பரபரப்பை உண்டாக்கினாரோ, அதைப் பஞ்சாப் கிராமங்களில் 1980களில் உண்டாக்கியவர் இவர். படம் பார்த்தவர்களுக்கு அவருடைய காதலும் கொலையும் நினைவில் நிற்கும். நாம் இங்கே அவருடைய முதல் இசைத்தட்டிலிருந்து தொடங்குகிறோம். சேரியிலிருந்து வந்த ஒரு பாட்டுக்காரன் தன் பெயரைத் தட்டில் அச்சடிக்க வைப்பதற்குள் எத்தனை படி ஏற வேண்டியிருந்தது என்பது அதில் இருக்கிறது.

1960 ஜூலை 21 அன்று லூதியானாவை ஒட்டிய துக்ரி கிராமத்தில் அவர் பிறந்தார். பெற்றோர் வைத்த பெயர் தனி ராம். சாதி சமார். வடக்கே தோல் தொழிலோடு கட்டிப்போடப்பட்ட சாதி அது. நம் பக்கத்தில் அருந்ததியர் செருப்புத் தைத்ததும், கிணற்றில் கவலை இறைக்கத் தோல் தைத்துக் கொடுத்ததும், பறைக்குத் தோல் கட்டியதும் நமக்குத் தெரியும். பெயர் வேறு, மொழி வேறு. ஊருக்குள் நிற்க வைத்த இடம் ஒன்றுதான்.

பஞ்சாபைப் பற்றி ஒரு கணக்கை நம் மாணவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். இந்திய மாநிலங்களில் மக்கள்தொகையில் பட்டியல் சாதியினரின் பங்கு மிக அதிகமாக உள்ள மாநிலம் அதுதான். 2011 கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ 32 சதவீதம். தமிழ்நாட்டில் 20 சதவீதம். மூன்றில் ஒருவர் தலித்தாக இருந்தும் நிலம் பெரும்பாலும் ஜாட் சீக்கியர் கையில். சீக்கிய மதம் சாதி இல்லை என்கிறது. குருத்வாராவில் எல்லாரும் ஒரே வரிசையில் உட்கார்ந்து சாப்பிட வேண்டும் என்கிறது. ஆனாலும் பல கிராமங்களில் தலித்துகளுக்குத் தனிக் குருத்வாரா, தனிச் சுடுகாடு. பசுமைப் புரட்சியில் பணம் கொழித்த மாநிலம் என்று பாடப்புத்தகத்தில் படிக்கிறோம். அந்தப் பணம் எந்தத் தெருவில் நின்றது என்று பாடப்புத்தகம் சொல்வதில்லை.

தனி ராமுக்கு எலக்ட்ரீஷியன் ஆக ஆசை. கிடைத்தது லூதியானாவில் துணி ஆலை வேலை. பின்னலாடைக்கு நமக்குத் திருப்பூர் எப்படியோ, வடக்கே லூதியானா அப்படி. பள்ளிபாளையம் தறிக்கூடத்துக்கும் திருப்பூர் பனியன் கம்பெனிக்கும் போகும் நம் காலனிப் பையன்களைப் போலத்தான் அவரும் வேலைக்குப் போய் வந்தார். நேரம் கிடைத்தபோது ஆர்மோனியமும் டோலக்கும் கற்றுக்கொண்டார். தும்பி என்கிற அந்த ஒற்றைக் கம்பி வாத்தியமும் கைவந்தது. பாட்டு எழுதவும் செய்தார். அவர் எழுதியதெல்லாம் காதால் கேட்ட ஊர்ப்பேச்சு. களத்துமேட்டில் பேசுவது, கல்யாண வீட்டுத் திண்ணையில் கிண்டலடிப்பது, குடித்துவிட்டுச் சண்டை போடுவது, இதெல்லாம்தான்.

18 வயதில் சைக்கிளை எடுத்துக்கொண்டு சுரிந்தர் ஷிந்தாவைத் தேடிப் போனார். ஷிந்தா அப்போது பஞ்சாபில் பெயர் பெற்ற பாடகர். பையன் பாடியதைக் கேட்டு அசந்துபோனவர், தன் குழுவில் சேர்த்துக்கொண்டார். அங்கே தனி ராம் வாத்தியம் வாசித்தார். எல்லாவற்றுக்கும் மேலாகப் பாட்டு எழுதினார். அவர் எழுதிய பாட்டை ஷிந்தா பாடினார், கே. தீப் பாடினார், முகமது சாதிக் பாடினார். பாட்டு ஓடியது. ஆனால் எழுதியவனுக்குக் கிடைத்த பணத்தில் குடும்பம் ஓடவில்லை. இதற்குள் அவருக்குக் கல்யாணமும் ஆகிவிட்டது. சொந்தமாகப் பாடினால்தான் சோறு என்ற முடிவுக்கு வந்தார்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்போம். உழைப்பவன் ஒருவன், பெயர் வாங்குகிறவன் இன்னொருவன் என்பது தோல் தொழிலுக்கும் பாட்டுத் தொழிலுக்கும் பொது. நம் பக்கத்தில் கோயில் நோன்பிக்கு விடிய விடியப் பறையடிப்பவர்களின் பெயர் நோட்டீஸில் இருக்காது. காப்புக் கட்டுகிறவர் பெயர் இருக்கும், மைக்செட் உபயதாரர் பெயர்கூட இருக்கும். தனி ராம் தன் பெயரைத் தட்டில் பார்க்க விரும்பினார். அதற்காக முதலில் பெயரையே மாற்றினார். அமர் சிங் சம்கீலா. சம்கீலா என்றால் மின்னுகிறவன்.

எட்டுப் பாட்டு

அன்றைய பஞ்சாபில் மேடைப் பாட்டு என்றால் ஜோடிப் பாட்டு. ஆண் ஒருவர், பெண் ஒருவர். பெண் குரல் கிடைக்காத ஆண் பாடகருக்கு மேடை கிடையாது. இசைத்தட்டுக் கம்பெனியும் கதவு திறக்காது. அப்போது ஷிந்தா கனடா பயணத்துக்கு வேறொரு பாடகியை அழைத்துப் போனார். அவரோடு பாடிவந்த சுரிந்தர் சோனியாவுக்கு அதில் மனக்குறை. அவர் தனிக் குழு அமைக்க முடிவெடுத்து, சேர்த்துக்கொண்ட ஆள் இந்தப் புதுப் பையன்.

இருவரும் எட்டு ஜோடிப் பாடல்கள் பதிவு செய்தார்கள். எல்லாம் சம்கீலா எழுதியவை. இசையமைப்பு சரண்ஜித் அகுஜா. 1979இல் வெளிவந்ததாகக் குறிக்கப்படும் அந்த முதல் ஆல்பத்தின் பெயர் தகுவே தே தகுவா. தகுவா என்றால் பஞ்சாப் கிராமத்து ஆள் கையில் வைத்திருக்கும் நீளக் காம்புக் கோடரி. கோடரியோடு கோடரி மோதுவதுதான் பாட்டு. வயலோரச் சண்டையும் சாராய வாடையும் அந்தப் பெயரிலேயே அடிக்கும்.

அந்தக் காலத்துத் தட்டு வியாபாரம் எப்படி நடந்தது என்று இன்றைய பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டும். கையில் போன், அதில் பாட்டு என்கிற காலம் இல்லை. தட்டை வீட்டில் வாங்கி வைத்துக் கேட்டவர்கள் வசதிக்காரர்கள். மற்றவர்கள் கேட்டது கல்யாண வீட்டு மைக்செட்டில்தான். நம் ஊரிலும் அப்படித்தானே. புளியமரத்தில் குழாய் ஸ்பீக்கரைக் கட்டிவிட்டால் மூன்று ஊருக்குக் கேட்கும். பாடகருக்கு வருமானம் தட்டில் இல்லை. தட்டு ஒரு விளம்பரம். அதைக் கேட்ட ஊர்க்காரர்கள், தங்கள் வீட்டுக் கல்யாணத்துக்கு இந்த ஜோடியைக் கூப்பிட வேண்டும் என்று லூதியானாவுக்கு வருவார்கள். இங்கே பேண்டு செட்காரர்களும் நாடகக் குழுவினரும் போர்டு மாட்டி முன்பணம் வாங்குவதைப் போல, அங்கே பாடகர்கள் அலுவலகம் வைத்துத் தேதி கொடுப்பார்கள். வயலில் பலகை போட்டு மேடை கட்டுவார்கள். அதற்கு அகாடா என்று பெயர். டிக்கெட் இல்லை. கல்யாணத்துக்கு அழைக்கப்பட்டவர், அழைக்கப்படாதவர் எல்லாரும் மொட்டைமாடியிலும் மரத்திலும் ஏறி உட்கார்ந்து கேட்பார்கள்.

தகுவே தே தகுவா வந்ததும் அப்படித்தான் சம்கீலாவுக்குத் தேதிகள் குவிந்தன. 20 வயது நிறையாத தலித் பையன் ஒருவனைத் தேடி நிலக்காரர் வீட்டு ஆட்கள் முன்பணத்தோடு வந்து நின்றார்கள்.

பாட்டில் என்ன இருந்தது? புருஷன் பொண்டாட்டிச் சண்டை, கொழுந்தன் மதினி கேலி, கள்ளக் காதல், குடி, அபின், கோபம் வந்தால் வெட்டு. ஊர் வாய்விட்டுப் பேசாமல் செய்துகொண்டிருந்ததை அவர் மைக்கில் பாடினார். முறைகாரர்களுக்குள் நடக்கும் கேலிப் பேச்சை நம் கிராமத்து ஆட்களுக்கு விளக்க வேண்டியதில்லை. அதைத் தாளம் போட்டுப் பாடினால் எப்படி இருக்குமோ அப்படி.

அமெரிக்காவிலும் இதே கதை

எல்விஸ் என்ற பட்டப்பெயரை நாம் கொஞ்சம் உரசிப் பார்க்க வேண்டும். எல்விஸ் பிரெஸ்லியின் முதல் ஆல்பம் 1956 மார்ச்சில் ஆர்.சி.ஏ. விக்டர் கம்பெனி வெளியிட்டது. அமெரிக்க விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்த முதல் ராக் அண்டு ரோல் ஆல்பம் அது. அதில் டூட்டி ஃப்ரூட்டி என்ற பாட்டு இருக்கிறது. அது லிட்டில் ரிச்சர்டு என்ற கறுப்பினப் பாடகரின் பாட்டு. ஜார்ஜியா மாநிலத்தில் மேக்கன் என்ற ஊரில், பன்னிரண்டு பிள்ளைகள் உள்ள குடும்பத்தில் பிறந்து, பஸ் ஸ்டாண்டு ஹோட்டலில் பாத்திரம் கழுவியவர் அவர். பாட்டின் பழைய சொற்கள் ஆபாசம் என்று சொல்லி, பதிவுக்கு முன் வேறு சொற்கள் எழுதப்பட்டன. அவருடைய சொந்த முதல் ஆல்பம் வந்தது 1957 மார்ச்சில். வெள்ளைக்காரரான எல்விஸ் அந்தப் பாட்டைத் தன் ஆல்பத்தில் பாடி ஓராண்டு கழித்து. ராக் அண்டு ரோலின் வேர் கறுப்பின மக்களின் இசை. அதில் பெரும் செல்வம் சேர்த்தது வேறு ஆட்கள்.

அதனால் சம்கீலாவைப் பஞ்சாபின் எல்விஸ் என்பதைவிடப் பஞ்சாபின் லிட்டில் ரிச்சர்டு என்று சொல்வதுதான் பொருத்தம் என்பது நம் எண்ணம். எழுதியவர், மெட்டுப் போட்டவர், பாடியவர் ஒரே ஆள். அந்த ஆள் கீழ்த்தெரு ஆள். ஆபாசம் என்ற பழியும் சேர்ந்தே வந்தது.

சோனியாவோடு கூட்டு நீடிக்கவில்லை. சோனியாவின் கணவர்தான் மேனேஜர். பணத்தில் தனக்கு நியாயமான பங்கு வரவில்லை என்று சம்கீலா நினைத்தார். 1980இல் பிரிந்தார். சில காலம் வேறு பாடகிகளோடு பாடினார். பிறகு சேர்ந்தவர் அமர்ஜோத். ஒரு திருமணம் முறிந்து, பாட்டே வாழ்க்கை என்று வந்தவர். சம்கீலாவைவிட மேலே வைக்கப்பட்ட சாதியில் பிறந்தவர். இருவர் குரலும் சேர்ந்தபோது பஞ்சாபில் வேறு ஜோடிக்கு மேடை குறைந்தது. ஒரு நிகழ்ச்சிக்கு 4,000 ரூபாய் வரை வாங்கினார்கள். அன்றைக்கு அது பெரிய தொகை. ஒரே ஆண்டில் 366 மேடை ஏறினார்கள் என்று ஒரு கணக்கு அவர்கள் பெயரோடு சேர்த்தே சொல்லப்படுகிறது. சம்கீலாவின் தேதி கிடைத்த பிறகே கல்யாணத் தேதி குறித்த வீடுகள் உண்டு என்பார்கள். கனடா, அமெரிக்கா, துபாய், பஹ்ரைன் என்று வெளிநாடும் போனார்கள். மேடைத் துணை வாழ்க்கைத் துணையாகி, அமர்ஜோத்தை அவர் மணந்தார். முதல் மனைவியும் பிள்ளைகளும் இருக்கும்போதே நடந்தது இது. இதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

பாட்டைப் பற்றியும் ஒளிக்காமல் சொல்வோம். சம்கீலாவின் பல பாடல்களில் பெண் வெறும் கேலிப் பொருள். நம் வீட்டுப் பெண்கள் முன்னால் போட்டுக் கேட்க முடியாத பாட்டுகள் உண்டு. ஒடுக்கப்பட்டவர் பாடினார் என்பதால் அது சரியாகிவிடாது. சாதிக்காக அழுகிற நாம் பெண்ணுக்காகவும் பேச வேண்டும். அதேசமயம் இன்னொன்றையும் கேட்க வேண்டியிருக்கிறது. இரட்டை அர்த்தப் பாட்டு அவருக்கு முன்பும் பஞ்சாபில் இருந்தது. மற்ற சாதிப் பாடகர்களும் பாடினார்கள். ஒழுக்கத்தின் பெயரால் எல்லாருடைய விரலும் இந்த ஒருவரை நோக்கி நீண்டது ஏன்?

நமக்கு உறுத்துகிற வேறொரு விஷயமும் இருக்கிறது. சம்கீலாவின் பாட்டு நாயகன் பெரும்பாலும் ஜாட். நிலம் வைத்திருப்பவன், மீசை முறுக்குபவன், கோடரி தூக்குபவன். துக்ரியின் தலித் தெரு அவருடைய பேர்பெற்ற பாட்டுகளில் தென்படுவதில்லை. மேடை போட்டுப் பணம் கொடுத்தவர்கள் யாரோ, அவர்களைத்தான் பாட்டு பாடியது. அவர் காலத்திலேயே, அதே பஞ்சாபில், ரோப்பர் மாவட்டத்துத் தலித் குடும்பத்தில் பிறந்த கான்ஷி ராம் 1984 ஏப்ரல் 14 அன்று பகுஜன் சமாஜ் கட்சியைத் தொடங்கி ஊர் ஊராக சைக்கிளில் சுற்றிக்கொண்டிருந்தார். அந்தக் குரலும் சம்கீலாவின் குரலும் ஒரே காற்றில் போயும் ஒன்றையொன்று தொட்டதாகத் தெரியவில்லை. இதற்காக அவரைக் குறை சொல்லலாமா? பண்ணையத்தில் கூலி வாங்கிக்கொண்டு பண்ணையக்காரரைத் திட்டிப் பாட எத்தனை பேருக்கு முடிந்திருக்கிறது?

மெசாம்பூர்

1984 ஜூனில் பொற்கோயிலுக்குள் ராணுவம் நுழைந்தது. அக்டோபர் இறுதியில் இந்திரா காந்தி கொல்லப்பட்டார். டெல்லியில் சீக்கியர்கள் ஆயிரக்கணக்கில் கொல்லப்பட்டார்கள். அதன் பிறகு பஞ்சாபில் துப்பாக்கிதான் பேசியது. எதை உடுத்தலாம், எதைக் குடிக்கலாம், எதைப் பாடலாம் என்று தீவிரவாதக் குழுக்கள் கட்டளை போட்டன. சம்கீலாவுக்கு மிரட்டல்கள் வந்தன. அவர் பக்திப் பாடல்கள் பதிவு செய்தார். பாபா தேரா நன்கானா போன்ற அந்தப் பாடல்களும் பெரிய அளவில் விற்றன. ஆனால் அகாடாவுக்கு வருகிற கூட்டம் பழைய பாட்டைத்தான் கேட்டது. கூட்டம் கேட்பதைப் பாடினால் மிரட்டல். பாடாவிட்டால் கூலி இல்லை.

1988 மார்ச் 8. ஜலந்தர் மாவட்டம் மெசாம்பூர் கிராமத்தில் நிகழ்ச்சி. மதியம் இரண்டு மணி அளவில் காரை விட்டு இறங்கியபோது சுட்டார்கள். சம்கீலா, அமர்ஜோத், குழுவினர் இருவர் என நான்கு பேர் இறந்தார்கள். சம்கீலாவுக்கு வயது 27.

யார் சுட்டது என்று இன்றுவரை முடிவாகவில்லை. ஒருவரும் தண்டிக்கப்படவில்லை. தீவிரவாதிகள் என்கிறார்கள் பலர். தொழில் போட்டி என்கிறார்கள் சிலர். மேல்சாதிப் பெண்ணை மணந்த ஆத்திரம் என்ற பேச்சும் உண்டு. எதற்கும் நீதிமன்றத் தீர்ப்பு கிடையாது.

திருச்செங்கோடு வட்டாரத்தில் இருப்பவர்களுக்கு இந்தத் தேதியைச் சொன்னால் வேறொன்று நினைவுக்கு வரும். 2015 ஜூனில் அங்கிருந்து கடத்திக் கொல்லப்பட்ட தலித் பட்டதாரியின் வழக்கில் மதுரை சிறப்பு நீதிமன்றம் ஆயுள் தண்டனை விதித்ததும் ஒரு மார்ச் 8தான், 2022இல். பெற்ற தாய் விடாமல் நின்றார், வழக்கறிஞர்கள் நின்றார்கள், ஏழு ஆண்டு ஆனாலும் தீர்ப்பு வந்தது. மெசாம்பூர் வழக்கில் அப்படி நிற்க யாருக்கும் வழியில்லாமல் போனது. ஊரெல்லாம் உயிர்பயம், சாட்சி சொல்ல யார் வருவார்?

சம்கீலா இறந்து பதினைந்தே நாளில், மார்ச் 23 அன்று, அதே ஜலந்தர் மாவட்டத்தில் இடதுசாரிக் கவிஞர் பாஷ் காலிஸ்தான் தீவிரவாதிகளால் சுட்டுக் கொல்லப்பட்டார். அவருடைய சொந்த ஊரின் பெயர் தல்வண்டி சேலம். அங்கேயும் ஒரு சேலம் இருக்கிறது என்பது படித்தபோது நமக்கே வியப்பாக இருந்தது. பாஷின் கவிதைகள் பல மொழிகளில் பெயர்க்கப்பட்டன. படித்தவர்கள் ஆண்டுதோறும் அவரை நினைவுகூர்கிறார்கள். அது நியாயம்தான். சம்கீலாவை நினைவில் வைத்திருந்தவர்கள் டிராக்டர் டிரைவர்கள், லாரி டிரைவர்கள், டீக்கடைக்காரர்கள், மைக்செட் போடுகிறவர்கள். புத்தகத்தில் இல்லாமல் கேசட்டில் வைத்திருந்தார்கள். இறந்த பிறகும் அந்தக் கேசட்டுகள் விற்றுக்கொண்டே இருந்தன.

நம் மாவட்டத்துக் காலனிகளில் இப்போது பறை வகுப்பு நடத்துகிற இளைஞர்கள் இருக்கிறார்கள். சொந்தமாகப் பாட்டு எழுதி, போனிலேயே பதிவு செய்து வெளியிடுகிற பிள்ளைகளும் இருக்கிறார்கள். கானா ஒரு பக்கம், தப்பாட்டம் ஒரு பக்கம். அவர்களில் சிலர் பாடல் எழுதியவர் பெயர் விடுபட்டுப் போவதாகக் குறைப்பட்டுக்கொள்வதைக் கேட்டிருக்கிறோம். பாட்டைப் பதிவேற்றும்போதே எழுதியவர், மெட்டமைத்தவர், வாசித்தவர் பெயர்களைச் சேர்த்துப் போடுங்கள் என்று அவர்களிடம் சொல்லி வருகிறோம். தனி ராம் எழுதி மற்றவர் பாடிய எத்தனையோ பாட்டுக்கு இன்றும் பாடியவர் பெயரைத்தான் சொல்கிறார்கள்.

தகுவே தே தகுவா இப்போது போனிலேயே கேட்கக் கிடைக்கிறது. கேட்பவர்கள் சோனியாவின் குரலையும் கவனித்துக் கேளுங்கள். படமும் பேச்சும் அமர்ஜோத்தோடு நின்றுவிடுவதால் அவரைப் பலரும் மறந்துவிட்டார்கள். அந்த எட்டுப் பாட்டும் பதிவானபோது பெயர் தெரிந்த பாடகி அவர்தான். பெயர் இல்லாத ஆள் சம்கீலா.